தோளில் கதிர், கையில் கேமரா

கடலைச் செடியைப் பிடுங்கி, காயை ஆய்ந்து, மூட்டைகள் வீடு போய்ச் சேர்ந்த பிறகு கொல்லையில் இறங்குவதற்கென்றே சிலர் வருவார்கள். கையில் களைக்கொட்டு, இடுப்பில் மடி. மண்ணுக்குள் தப்பிக் கிடப்பது அவர்களுக்கு. எங்கள் பக்கம் இதற்குத் ‘தப்புக்கடலை பொறுக்குவது’ என்று பெயர். பிரான்ஸிலும் இந்த வழக்கம் உண்டு. அதற்கென்று தனிச்சொல்லும் உண்டு. இயக்குநர் ஆன்யெஸ் வர்தா தன் 71ஆவது வயதில், சின்ன டிஜிட்டல் கேமரா ஒன்றைத் தூக்கிக்கொண்டு அந்தச் சொல்லின் பின்னால் ஊர் ஊராகப் போனார். 2000இல் வெளியான அந்த 82 நிமிட ஆவணப்படத்தின் தலைப்பைப் ‘பொறுக்குபவர்களும் பொறுக்குபவளும்’ எனலாம். கடைசியில் வரும் அந்த ஒருத்தி, வர்தாவேதான்.

குனிந்து கதிர் பொறுக்கும் மூன்று பெண்களை பிரெஞ்சு ஓவியர் மியே 1857இல் வரைந்தார். உலகம் அறிந்த ஓவியம். ஆராஸ் நகர அருங்காட்சியகத்தில் ஜூல் பிரெத்தோன் வரைந்த இன்னொன்று இருக்கிறது. அதில் ஒரே ஒரு பெண், தோளில் கதிர்க்கட்டுடன் நிமிர்ந்து நிற்கிறாள். வர்தா அந்த ஓவியத்துக்குப் பக்கத்தில் அதேபோலக் கதிரைச் சுமந்து நிற்கிறார். சற்று நேரத்தில் கதிரைக் கீழே போட்டுவிட்டுக் கேமராவை எடுக்கிறார். குரலில் ஒரு விளக்கமும் தேவைப்படாத இடம் அது.

இருப்பதை வைத்துச் சமாளிப்பது அவருக்குப் புதிதல்ல. 1955லேயே முதல் படத்தைச் சொற்பப் பணத்தில் எடுத்தவர். எழுபதுகளில் கைக்குழந்தையை விட்டு நகர முடியாதிருந்தபோது, வீட்டு மின்சாரத்திலிருந்து ஒயர் இழுத்து, அது எட்டும் தூரத்திலிருந்த ரொட்டிக்கடை, இறைச்சிக்கடைக்காரர்களை வைத்தே ஒரு படம் முடித்தார். பாரிஸில் அவர் குடியிருந்த தாகெர் தெருதான் மொத்தக் களமும்.

பொறுக்குபவர்கள் படத்தில் உருளைக்கிழங்குதான் கதாநாயகன் என்பேன். கடைக்கு ஒத்துவராத அளவு, கோணல், வெட்டுப்பட்டது என்று கழிக்கப்பட்டவற்றை டன் கணக்கில் வயலில் கொட்டிவிட்டுப் போகிறார்கள். அந்தக் குவியலில் இதய வடிவக் கிழங்கு ஒன்று வர்தா கண்ணில் படுகிறது. ஒரு கை படம் பிடிக்க, மறு கை பொறுக்குகிறது. பெரிய கேமராவும் ஆட்களும் இருந்தால் இது நடக்காது. இன்னோர் இடத்தில் அதே கையை அருகில் வைத்துக் காட்டுகிறார்: சுருங்கிய தோல், புள்ளிகள். தனக்கே அது அந்நியமாகத் தெரிகிறது என்கிறார். கழித்துவிடப்பட்ட கிழங்கும் மூப்பேறிய கையும் ஒரே கண்ணால் பார்க்கப்படுகின்றன. வீட்டுக் கூரையில் ஒழுகிய ஈரக்கறைக்குச் சட்டமிட்டு நவீன ஓவியமாக்கும் குறும்பும் உண்டு. (சாலை லாரிகளை விரல் வளையத்துக்குள் பிடிக்கும் விளையாட்டு மட்டும் எனக்குக் கொஞ்சம் அதிகப்படி.)

நடுவில் கறுப்பு அங்கி போட்ட வக்கீல் ஒருவர், கையில் சட்டப் புத்தகத்துடன் வயலிலேயே நின்று பேசுகிறார். அறுவடை முடிந்தபின், சூரிய உதயம் முதல் அஸ்தமனம் வரை ஏழைகள் பொறுக்கலாம் என்று 1554இலேயே அரச ஆணை இருக்கிறதாம்.

ஒருமுறை கேமராவை அணைக்க மறந்து தொங்கவிட்டபடி நடந்துவிட்டார் வர்தா. லென்ஸ் மூடி தரைக்கு மேலே ஆடிக்கொண்டே வந்தது பதிவாகியிருந்தது. வேறு யாராயினும் வெட்டி எறிந்திருப்பார்கள். அவர் ஜாஸ் இசை சேர்த்து அதை நடனமாக்கினார்.

வீட்டுக்குக் கொண்டுவந்த கிழங்குகள் வாடிச் சுருங்கி முளைவிட்டன. அதையும் படம் பிடித்தார். 2003இல் வெனிஸ் கலைக்கண்காட்சியில் மூன்று திரைகளில் அவற்றைக் காட்டி, தரையில் 700 கிலோ உருளைக்கிழங்கைப் பரப்பி, தானே கிழங்கு வேடமும் போட்டுக்கொண்டார்.

படத்தில் வந்தவர்களைத் தேடிப்போய் 2002இல் ஒரு தொடர்ச்சியும் எடுத்தார். அவர்களில் ஒருவர், உயிரியல் படித்தவர். சந்தை கலைந்தபின் கிடப்பதைத் தின்று, இரவில் குடியேறிகளுக்கு பிரெஞ்சு கற்றுக்கொடுப்பவர். படம் நன்றாகத்தான் இருக்கிறது, ஆனால் நீங்கள் உங்களையே காட்டிக்கொண்ட பகுதிகள் தேவையில்லை என்று அவர் முகத்துக்கு நேரே சொல்லிவிட்டார். வர்தா அதை வெட்டவில்லை.