விளையாட்டுக்கு விதி வகுத்த நூலகம்

சிறுவன் ஒருவன் கைப்பேசித் திரையிலே கவணை விரலால் இழுத்து விடுகின்றான். பறவையொன்று வளைந்து பறந்து, பலகைகளால் எழுப்பிய அரணொன்றைத் தாக்குகின்றது. பலகைகள் சரிகின்றன, ஒன்றையொன்று இடித்து உருள்கின்றன, சிறிது பொழுதில் அசைவற்றுக் கிடக்கின்றன. சிறுவன் இதனை வியவான். எறிந்த பொருள் வீழ்தலும் இடியுண்ட பொருள் சரிதலும் அவன் நாள்தோறும் காண்பனவே. ஆயின், அத்திரையிலே மண்ணும் இல்லை, மரமும் இல்லை, ஈர்ப்பாற்றலும் இல்லை. உள்ளவை எண்களே. எண்களுக்கு வீழவும் உருளவும் கற்பித்தவர் யாவர்? எங்ஙனம் கற்பித்தனர்? இவற்றை ஆராய்தலே இக்கட்டுரையின் நோக்கமாகும்.

நூலகம் என்றவுடன் நம் கல்லூரிப் புத்தகசாலையே நினைவிற்கு வரும். ஈண்டுக் குறித்தது அஃதன்று. கணிப்பொறிக்கு நிரல் எழுதுவோர் பலருக்கும் ஒரே வகை வேலை அடிக்கடி நேர்கின்றது. அதனை ஒருவர் ஒருமுறை செம்மையாக எழுதிக் கோப்புகளில் வைத்துவிடின், ஏனையோர் எடுத்தாளலாம். அத்தகைய கோப்புகளின் தொகுதியே நிரல் நூலகம் எனப்படும். அவற்றுள் தலைப்புக் கோப்புகள் என்பன, இன்னின்ன ஏவல்கள் உள, இன்னவாறு அழைத்தல் வேண்டும் என அறிவிப்பன. மூலக் கோப்புகள் என்பன, அவ்வேவல்களை நிறைவேற்றும் முறையைத் தம்முட் கொண்டன. பயன்படுத்துவோன் முன்னவற்றைக் கற்றாற் போதும். பின்னவற்றைத் திறந்தும் பாரான்.

இருபரிமாண விளையாட்டுகளுக்கு இயற்பியல் வகுத்த நூலகங்களுள் பெரும்புகழ் வாய்ந்தது ‘பாக்ஸ் 2டி’ என்பது. அதனை ஆக்கியவர் எரின் காட்டோ என்னும் அறிஞர். 2006ஆம் ஆண்டு அமெரிக்காவிற் கூடிய விளையாட்டு நிரலாளர் மாநாட்டிலே தாம் நிகழ்த்திய விரிவுரைக்கு எடுத்துக்காட்டாகச் சிறியதொரு நிரலை அவர் எழுதினார். அவ்வித்தே வளர்ந்து, 2007ஆம் ஆண்டில் யாவரும் விலையின்றிக் கொள்ளத்தக்க நூலகமாக வெளிவந்தது. பின்லாந்து நாட்டு ரோவியோ நிறுவனத்தார் 2009ஆம் ஆண்டு வெளியிட்ட ‘ஆங்கிரி பேர்ட்ஸ்’ என்னும் விளையாட்டு இதன்மீது எழுந்ததே. நாம் முதலிற் கண்ட கவணும் பறவையும் அதனுடையனவே.

இந்நூலகத்தின் கோப்புகள் மூன்று பகுதிகளாகப் பகுக்கப்பட்டிருந்தன. முதலாவது பொதுப் பகுதி. கணக்கு முறைகளும் நினைவக ஒழுங்கும் அதன்கண் அடங்கும். இரண்டாவது மோதற் பகுதி. எப்பொருள் எதனைத் தொடுகின்றது என்பதை ஆய்வது. மூன்றாவது இயக்கப் பகுதி. தொட்ட பொருள்கள் எங்ஙனம் நகரும் என்பதை முடிவு செய்வது. பின்னைய இரண்டனையும் சிறிது விரித்துரைப்பாம்.

இயற்கையில் காலம் இடையறாது ஓடுகின்றது. கணிப்பொறியோ அதனைத் துண்டுபடுத்தியே அறியும். ஒரு நொடியை அறுபது கூறாக்கி, ஒவ்வொரு கூற்றிலும் உலகினை ஓரடி முன்னே நகர்த்துதல் வழக்கம். அவ்வோரடியில் முதல் வேலை மோதலைக் காண்டல். நூறு பொருள்கள் உளவாயின், அவற்றை இரண்டிரண்டாகச் சேர்க்க 4,950 இணைகள் ஆகும். அனைத்தையும் நுணுகி ஆய்தல் வீண். ஆகவே, ஒவ்வொரு பொருளையும் ஒரு நீள்சதுரத்துள் அடக்கி, அச்சதுரங்களைக் கிளைவிட்ட மரம்போல் அடுக்கி, ஒன்றன்மேல் ஒன்று படியும் சதுரங்களுக்குரிய பொருள்களை மட்டும் நுட்பமாக ஆய்வர்.

இரண்டாவது வேலை இதனினும் அரியது. பத்துப் பலகைகள் அடுக்கப்பட்டுள்ளன என்று கொள்வோம். மேலது கீழதனுள் புகாவண்ணம் தள்ளினால், கீழது அதற்கடுத்ததனுள் அழுந்துகின்றது. அதனைத் திருத்தினால் வேறொன்று பிழைபடுகின்றது. எல்லாவற்றையும் ஒருங்கே தீர்த்தல் பெருங்கணக்கு. காட்டோ கைக்கொண்ட நெறி எளியது. தொடும் இடங்களை ஒவ்வொன்றாக எடுத்து, அதற்கு வேண்டும் கணத்தாக்கினை மட்டும் அளித்துவிட்டு அடுத்ததற்குச் செல்லுதல். கடைசியை அடைந்ததும் மீண்டும் முதலிலிருந்து தொடங்குதல். திசைவேகத்தைத் திருத்த எட்டுச் சுற்று, நிலையைத் திருத்த மூன்று சுற்று என்பது அந்நூலகத்தின் வழிகாட்டி கூறிவந்த அளவு. ஒவ்வொரு சுற்றிலும் பிழை குறையும், முற்றும் ஒழியாது. அன்றியும், சென்ற அடியிற் கண்ட விடையை மறவாது வைத்திருந்து, அடுத்த அடிக்குத் தொடக்கமாகக் கொள்ளுவர். அதனாலேயே அடுக்கிய பலகைகள் நடுங்காமல் நிற்கின்றன.

இம்முறைக்குக் குறைபாடுகளும் உள. நொடிக்கு அறுபது மீட்டர் விரையும் குண்டு ஓரடியில் ஒரு மீட்டர் தாவும். பத்துச் சென்டிமீட்டர்ச் சுவர் இடையே இருப்பின், ஒரு கணம் சுவருக்கு இப்புறமும் மறுகணம் அப்புறமும் குண்டு நிற்கும்; சுவரைத் தொட்டதாகவே கணக்கில் வாராது. இதனைத் தவிர்க்க, இரு நிலைகட்கும் இடையே எக்கணத்தில் முதன்முதல் தொடும் என்று தனியே கணித்தல் வேண்டும். மற்றொரு பிழை பயில்வோரால் நேர்வது. இந்நூலகம் மீட்டரை அளவையாகக் கொண்டது, ஏறக்குறைய 0.1 முதல் 10 மீட்டர் வரையுள்ள பொருள்களுக்கே செப்பஞ் செய்யப்பட்டது. திரைப்புள்ளியையே மீட்டராகக் கருதி, இருநூறு புள்ளிப் பெட்டியொன்றை அமைப்பவன், தான் அறியாமலே இருநூறு மீட்டர் மாளிகையை வீழ்த்துகின்றான். அது பஞ்சுபோல் மெல்ல வீழக்கண்டு நூலகத்தைப் பழிக்கின்றான். பிழை நூலகத்தினதன்று, தலைப்புக் கோப்பையும் வழிகாட்டியையும் கருத்தூன்றிப் படியாத அவனதே.

நிற்க. இந்நூலகத்தின் வரலாற்றில் நாம் உளங்கொள்ளத்தக்க நிகழ்ச்சியொன்று உண்டு. 2011ஆம் ஆண்டு அம்மாநாட்டிலே ரோவியோ நிறுவனத்தைச் சார்ந்த ஒருவர் தம் விளையாட்டின் வெற்றி குறித்துப் பேசினார். அவையிலிருந்த ஒருவர் எழுந்து, அவ்விளையாட்டு எந்த இயற்பியல் நூலகத்தால் இயங்குகின்றது என வினவினார். ‘பாக்ஸ் 2டி’ என விடை வந்தது. அங்ஙனமாயின், விளையாட்டினுள் அதன் பெயரைக் குறிப்பீர்களா என மீண்டும் வினவினார். வினவியவர் காட்டோவே என்பதைப் பின்னரே அவை அறிந்தது.

சட்டப்படி அந்நிறுவனத்தின்மேற் குற்றமில்லை. பெயர் குறிப்பின் மகிழ்ச்சி, குறிக்க வேண்டுமென்னும் கட்டாயமில்லை என்பதே அந்நாளைய உரிமத்தின் கருத்து. தாமே ஆக்கியதாகப் பொய்யுரைத்தலை அது விலக்கியது. 2020ஆம் ஆண்டில் வேறோர் உரிமம் ஏற்கப்பட்டது. அதன்படி உரிமைக் குறிப்பினைப் படிதோறும் உடன் வைத்தல் கடமையாயிற்று. காட்டோ தம் பணியை நிறுத்தினாரல்லர். 2024ஆம் ஆண்டில் நூலகம் முழுவதையும் புதுக்கி மூன்றாம் பதிப்பாக வெளியிட்டார்.

அடுக்கிய பலகைகளுள் எல்லாவற்றின் சுமையையும் தாங்குவது அடியிற் கிடப்பது. காண்போர் கண்ணோ உச்சியிலுள்ளதன்மேலே செல்லும். திறவாத மூலக் கோப்புகளும் அத்தகையனவே. சட்டம் வேண்டாவிடத்தும் செய்ந்நன்றி வேண்டப்படும். பிறர் ஆக்கிய நூலகத்தை எடுத்தாளும் மாணவர், அதன் விதிகளைக் கற்றலோடு அதனை ஆக்கியோன் பெயரையும் தம் படைப்பிற் பொறித்தல் வேண்டும். அதற்கு ஒரு வரியே போதும்.