ஆலைத் தொழிலாளர் நடந்து பெற்ற மலைப்பாதை

வாசகர்களே, தோட்டத்து எல்லையில் 'அனுமதியின்றி உள்ளே வரக் கூடாது' என்ற பலகையைப் பார்க்காதவர் நம்மில் யார்? துரைமாரின் சொந்த நாடான இங்கிலாந்திலும் இதே பலகைதான் மலைக்கு மலை நின்றது என்றால் நம்புவீர்களா?

வட இங்கிலாந்தின் முதுகெலும்பு போல நீண்டு கிடப்பது பென்னைன் மலைத்தொடர். மேலே ஏறினால் மரமே இல்லாத மேட்டு நிலம். கோடை முடிவில் ஊதாப் பூப் பூக்கும் ஹெதர் செடி, அடியில் கரிய சதுப்பு மண். தவறிக் கால் வைத்தால் முழங்கால் வரை இழுக்கும். மழையும் மூட்டமும் சொல்லாமல் வரும். இதற்கா இத்தனை காவல் என்பீர்கள். அங்கே கிரவுஸ் என்றொரு பறவை உண்டு. சீமான்கள் அதைச் சுட்டு விளையாட வேண்டுமாம்! அதற்காக ஆண்டு முழுதும் காவலாட்கள் ஏழைகளை விரட்டினார்கள்.

மான்செஸ்டர் ஆலைப் புகையில் வாரமெல்லாம் வெந்தவர்களுக்கு ஞாயிறு ஒரு நாள்தானே ஓய்வு? 24-4-1932 ஞாயிற்றுக்கிழமை, சில நூறு பேர் துணிந்து கிண்டர் ஸ்கவுட் மலைமேல் ஏறினார்கள். காவலாட்களோடு கைகலப்பு. ஐந்து இளைஞர்களுக்குச் சிறை. முன்னின்ற பென்னி ரோத்மன் என்ற மெக்கானிக்குக்கு வயது 20. தண்டனை நான்கு மாதம். ஒரு மலையில் நடந்ததற்கு!

1935-இல் டாம் ஸ்டீஃபன்சன் என்பவர், மலைத்தொடர் நெடுக ஒரு நடைபாதை வேண்டும் என்று பத்திரிகையில் எழுதினார். அவரும் சிறுவயதிலேயே துணி அச்சிடும் ஆலைக்கு வேலைக்குப் போனவர்தான். முப்பது ஆண்டு அலைந்து கேட்டபின், 24-4-1965-இல் பாதை திறக்கப்பட்டது. தேதியைக் கவனித்தீர்களா? அந்த ஞாயிறு நடந்து சரியாக 33 ஆண்டு.

ஈடேலில் தொடங்கி ஸ்காட்லாந்தின் கிர்க் யெட்டம் வரை 268 மைல். நல்ல நடையாளிக்கும் இரண்டு மூன்று வாரமாகும். வழியில் 1900 ஆண்டுக்கு முன் ரோமானியர் எழுப்பிய ஹேட்ரியன் மதிலை ஒட்டியே நடக்கலாம்.

2000-ஆம் ஆண்டுச் சட்டம் பாதையை விட்டு விலகி அந்த மேட்டு நிலங்களில் நடக்கவும் உரிமை தந்தது. 2002-இல் டெவன்ஷயர் பிரபு, தம் பாட்டனார் காலத்தில் நடந்ததற்கு ஊரறிய மன்னிப்புக் கேட்டார்.

நடப்பவர் பெருகவே சதுப்பு மண் சேறாகிக் கரைந்தது. கல் பாவ வேண்டியதாயிற்று. எங்கிருந்து கல்? மூடி இடிக்கப்பட்ட பஞ்சாலைகளின் தரைக்கற்களையே ஹெலிகாப்டரில் கொண்டுபோய் மலைமேல் இறக்கினார்கள். பாட்டனும் பாட்டியும் தறிமுன் நின்று தேய்த்த கல்லின்மேல் இன்று பேரப்பிள்ளைகள் மூட்டை சுமந்து நடக்கிறார்கள்.