மோன்மார்த்ருக் குன்றில் வழிகாட்டு நடை

ஒரு நகரத்தின் பழம்பகுதியைக் காண வருவோர், அதனை அறிந்த ஒருவரைக் கூலிக்கு அமர்த்தி, அவர் முன்செல்லத் தாம் பின்சென்று, அவர் நிற்குமிடத்தில் நின்று, அவர் கூறுவதைக் கேட்டுச் செல்லும் வழக்கம் இன்று உலகெங்கும் பரவியுள்ளது. பலர் கூடிச் செல்லும் பொதுநடை ஒரு வகை. ஒரு குடும்பத்தாரோ நண்பர் சிலரோ தமக்கென்றே ஒரு வழிகாட்டியை அமர்த்திக்கொள்ளும் தனிநடை மற்றொரு வகை. இவற்றைச் சுற்றுலாத் தொழிலின் கூறுகள் என்று மட்டும் கருதி இலக்கிய மாணவர் ஒதுக்கிவிடுதல் பொருந்தாது. வழிகாட்டி கூறுவது ஒரு கதை. அதற்குத் தொடக்கமும் வளர்ச்சியும் முடிவும் உண்டு. அதன் நிகழ்ச்சிகள் ஆண்டு முறையில் அமையாமல் தெரு முறையில் அமைகின்றன. ஆகவே அதனை வாய்மொழியாக நிகழும் ஒரு நூல் எனலாம். அந்நூலில் மெய் எது, புனைவு எது, அதனால் யாருக்கு என்ன விளைகிறது என்பவற்றைப் பாரிசு நகரின் மோன்மார்த்ருக் குன்றை எடுத்துக்காட்டாகக் கொண்டு ஆராய்தல் இக்கட்டுரையின் நோக்கமாகும்.

பெயரும் இடமும்

மோன்மார்த்ரு ‘பொகீமியர்’ வாழ்ந்த இடம் எனப் புகழ் பெற்றது. அச்சொல்லின் வரலாறே ஓர் இடப்பெயர்ச்சியின் வரலாறாகும். உரோமா என வழங்கும் நாடோடி மக்கள் பொகீமிய நாட்டிலிருந்து வந்தவர் எனப் பிழைபடக் கருதிய பிரெஞ்சுக்காரர் அவர்களைப் பொகீமியர் என்றனர். 19ஆம் நூற்றாண்டில் அச்சொல், நிலையான வருவாயின்றிக் கலையே வாழ்வாகக் கொண்ட ஓவியர், கவிஞர், இசைவாணர் ஆகியோரைக் குறிக்கலாயிற்று. அவ்வாழ்வைச் சித்திரித்த ஆன்ரி மூர்ழேயின் கதைகள் 1851இல் நூலாக வெளிவந்தன. அவற்றைத் தழுவிய புச்சினியின் இசைநாடகம் 1896இல் தூரின் நகரில் அரங்கேறியது. ஆயினும் மூர்ழே காட்டும் களம் சேன் ஆற்றின் தென்கரையிலுள்ள இலத்தீன் பகுதியாகும். பெயர் தென்கரையில் வளர்ந்து, பின்னர் வடகரையிலுள்ள குன்றின்மேல் ஏறிற்று என்க.

அவ்வாறு ஏறியதற்குப் பொருளியற் காரணம் உண்டு. 1780களில் பாரிசைச் சூழ எழுந்த சுங்க மதிலுக்கு வெளியே மோன்மார்த்ரு தனியூராக இருந்தது. நகருக்குள் புகும் மதுவுக்கு விதித்த வரி மதிலுக்குப் புறத்தே இல்லை. ஆதலின் மலிவான மதுக்கடைகளும் நடன அரங்குகளும் இங்குப் பெருகின. 1860 சனவரி 1 அன்று இவ்வூர் நகரோடு இணைக்கப்பட்டது. 1853 முதல் ஓசுமான் நகரின் நடுப்பகுதியை இடித்துப் பெருந்தெருக்களை அமைத்தமையால் ஆங்கே வாடகை உயர, ஏழைத் தொழிலாளர் நகரின் விளிம்புக்குத் தள்ளப்பட்டனர். ஓவியர் பலரும் குறைந்த வாடகையை நாடியே குன்றேறினர். கலைஞர் வாழ்வுக்கு அடிப்படையாக நின்றது வாடகை என்னும் இவ்வுண்மையை நினைவிற் கொள்ளுதல் வேண்டும். இது பின்னரும் பயன்படும்.

நடையின் வரிசை

வழிகாட்டியர் பலர் ஆபெசு நிலத்தடி இருப்பூர்தி நிலையத்தின் வாயிலில் நடையைத் தொடங்குவர். கீமார் அமைத்த இரும்பும் கண்ணாடியுமாகிய அதன் கூரை அவ்விடத்தின் பழைமைக்குச் சான்று போலத் தோன்றும். ஆயின் அது நகரமன்றத்தின் அருகிலிருந்த நிலையத்திலிருந்து 1974இல் பெயர்த்துக் கொணர்ந்து வைக்கப்பட்டதாகும். தொடக்கத்திலேயே காண்பவர் கண்முன் நிற்பது வேறிடத்துப் பொருள்.

அங்கிருந்து சிறிது ஏறினால் எமில் கூதோ சதுக்கம் வரும். ‘சலவைப் படகு’ எனப் பொருள்படும் பாத்தோ-லவுவார் என்னும் மரக்கட்டடம் இங்கே இருந்தது. குடியிருந்தோர் அனைவருக்கும் ஒரே நீர்க்குழாய் என்னும்படி வறுமை நிறைந்த அக்கட்டடத்தில் பிக்காசோ 1904 முதல் 1909 வரை வாழ்ந்தார். 20ஆம் நூற்றாண்டின் ஓவியப் போக்கையே மாற்றிய ‘அவிஞோன் நங்கையர்’ என்னும் ஓவியத்தை 1907இல் அங்குத் தீட்டினார். அரசு அதனைக் காக்கப்பட வேண்டிய சின்னமாக அறிவித்தது 1969 திசம்பரில். அது தீக்கிரையானது 1970 மே மாதத்தில். 1978இல் மீண்டும் எழுப்பப்பட்ட கட்டடத்தில் ஓவியக்கூடங்கள் உள்ளன. காண வருவோர் உள்ளே செல்லுதல் இயலாது. எனவே வழிகாட்டி மூடிய கதவின்முன் நின்று, எரிந்துபோன ஒன்றைச் சொல்லாற் கட்டியெழுப்புகிறார்.

குன்றின் மேற்புறம் காற்றாலைகள் உள்ளன. அவற்றையொட்டிய ஆடுகளத்தை ரெனுவார் 1876இல் தீட்டிய ஓவியம் இன்று ஓர்சே அருங்காட்சியகத்தில் உள்ளது. வடசரிவில் ஒரு திராட்சைத் தோட்டம் காணப்படும். இடைக்காலத்தில் இக்குன்றில் கன்னிமாடத்தின் தோட்டங்கள் இருந்தமை உண்மையே. ஆயின் இன்றுள்ள தோட்டம், அந்நிலத்தில் கட்டடம் எழாமல் தடுக்க விரும்பியோரின் முயற்சியால் 1933இல் நடப்பட்டது. கொர்தோ தெருவின் 12ஆம் எண் வீட்டில் ரெனுவாரும் பின்னர்ச் சுசான் வலதோனும் அவர் மகன் உத்ரில்லோவும் தொழில் செய்தனர். 1960 முதல் அது அருங்காட்சியகமாக விளங்குகிறது. உத்ரில்லோ இத்தெருக்களைத் தீட்டிய ஓவியங்களிற் பலவற்றை அஞ்சலட்டைப் படங்களைப் பார்த்தே வரைந்தார் என்பது கருதத்தக்கது. விற்பனைக்கு அச்சிட்ட காட்சி ஓவியமாயிற்று. அவ்வோவியத்தைத் தேடி வருவோர்க்கு மீண்டும் அஞ்சலட்டை விற்கப்படுகிறது.

சான்றும் கதையும்

வழிகாட்டியின் கூற்றுகளை உள்ளது, இருந்தது, சொல்லப்படுவது என மூன்றாகப் பகுக்கலாம். இப்பகுப்பைக் கேட்போர்க்குத் தெளிவாக்குவதே நல்ல வழிகாட்டியின் இலக்கணம். கேட்பதற்கு இயல்பாக இருப்பதெல்லாம் மெய்யாதலும் இல்லை; நம்பற்கரியதெல்லாம் பொய்யாதலும் இல்லை. இதற்கு இரண்டு சான்றுகள் போதும்.

தெர்த்ரு சதுக்கத்து உணவகம் ஒன்றின் சுவரில் ஒரு பலகை உள்ளது. 1814 மார்ச்சு 30 அன்று உருசியக் குதிரைவீரர் அங்கு மது வேண்டி, ‘விரைவாக’ எனப் பொருள்படும் ‘பிஸ்த்ரோ’ என்னும் தம் மொழிச் சொல்லைக் கூவினர் என்றும், சிற்றுணவகத்தைக் குறிக்கும் பிரெஞ்சுச் சொல் அவ்வாறு பிறந்தது என்றும் அது கூறுகிறது. மொழிநூலார் இதனை ஏலார். அச்சொல் பிரெஞ்சு எழுத்துகளில் முதன்முதல் காணப்படுவது 1884ஆம் ஆண்டையொட்டியே. இடைப்பட்ட 70 ஆண்டுகளில் ஒரு சொல் எழுத்திற் படாமல் மறைந்து வழங்கியது எனக் கொள்ளுதற்குச் சான்று வேண்டும். சொற்பிறப்புக்கு ஒலியொப்புமை மட்டும் போதாது என்பது மொழிநூல் பயில்வோர் அனைவரும் அறிந்ததே. ஆயினும் பலகை நாட்டிய செய்தியை நாள்தோறும் பலர் மெய்யெனக் கேட்டுச் செல்கின்றனர்.

சோல் தெருவிலுள்ள லாப்பான் அஜில் என்னும் சிறு மதுவகம் மற்றொன்று. ஆந்திரே ழில் என்பார் அதற்குச் சட்டியிலிருந்து தாவும் முயலைப் பெயர்ப்பலகையில் தீட்டினார். ‘ழில்லின் முயல்’ என்னும் தொடர் ஒலியொப்புமையால் ‘சுறுசுறுப்பான முயல்’ எனத் திரிந்து கடையின் பெயராயிற்று. 1910இல் ரோலான் தோர்ஜலேசு என்னும் எழுத்தாளர், அங்கு வளர்ந்த கழுதையின் வாலில் தூரிகையைக் கட்டி ஓர் ஓவியம் உண்டாக்கி, பொரொனாலி என்னும் பெயரில்லாத ஓவியர் பெயரால் பாரிசின் ஓவியக் கண்காட்சியில் வைத்தார். புதிய ஓவியரை எள்ளுதல் அவர் கருத்து. கட்டுக்கதை போலத் தோன்றும் இச்செய்தி, நீதிமன்ற அலுவலர் ஒருவரை உடன்வைத்து நிகழ்த்திப் பதிவுசெய்யப்பட்டமையால் ஐயத்திற்கு இடமின்றி நிற்கிறது. எழுதி நாட்டிய பலகை ஐயத்திற்குரியதாகவும், கழுதையின் கதை உறுதியானதாகவும் அமைந்தமை, சான்றைத் தேடாது தோற்றத்தை நம்புவோர்க்கு நல்ல பாடம்.

காட்டுவதும் காட்டாததும்

நடையின் முடிவில் பெரும்பாலோர் குன்றின் உச்சியிலுள்ள வெண்ணிறக் கோவிலின் படிகளில் நின்று நகரைக் காண்பர். 1871 மார்ச்சு 18 அன்று இக்குன்றிலிருந்த பீரங்கிகளை அரசப்படை கைப்பற்ற வந்தபோது எழுந்த எதிர்ப்பே பாரிசுக் கம்யூன் கிளர்ச்சியின் தொடக்கம். அக்கிளர்ச்சி குருதியில் அடக்கப்பட்டபின், 1875இல் இக்கோவிலுக்கு அடிக்கல் நாட்டப்பட்டது. கோவிலின் கீழுள்ள பூங்காவுக்கு, கம்யூனில் பங்குகொண்ட ஆசிரியை லூயிசு மிசேலின் பெயர் 2004இல் சூட்டப்பட்டது. ஒரே சரிவில் இரண்டு நினைவுகள் மேலும் கீழுமாக நிற்கின்றன. ஒன்றை மட்டும் கூறி இறங்கிவிடும் வழிகாட்டி பொய் கூறியவர் ஆகார். எனினும் நூலின் பாதியை மறைத்தவர் ஆவார்.

வலதோன் வாழ்வும் இவ்வாறே. உழைப்பாளி ஒருத்தியின் மகளாகிய அவர், ரெனுவார் முதலியோர்க்கு ஓவிய மாதிரியாக நின்று, தாமே ஓவியரானவர். அவரை ரெனுவாரின் மாதிரி என்று அறிமுகம் செய்யும் நடை ஒன்று. ஓவியர் என்று அறிமுகம் செய்யும் நடை மற்றொன்று. நிற்கும் வீடு ஒன்றே.

தனிநடையின் இயல்பு

பொதுநடையில் வழிகாட்டியின் சொல் ஒருதலையாகச் செல்லும். தனிநடையிலோ கேட்போர் இடைமறித்து வினவலாம், வழியை மாற்றலாம். 2001இல் வெளிவந்த ‘அமேலி’ திரைப்படத்தின் காப்பிக்கடையைக் காண வருவோரும், 1987 வரை இக்குன்றில் வாழ்ந்த பாடகி தலிதாவின் வீட்டைத் தேடுவோரும், பிக்காசோவைத் தேடுவோரும் தத்தமக்குரிய குன்றைக் காண்கின்றனர். இந்நெகிழ்ச்சியே தனிநடையின் சிறப்பு. அதன் இடரும் அதுவே. கூலி கொடுப்போர் விரும்புவதையே மெய்யெனச் சொல்லும் ஆசை எழுவதற்கு இங்கு இடம் மிகுதி. அருங்காட்சியகங்களிலும் வரலாற்றுச் சின்னங்களிலும் தொழிலட்டை பெற்ற வழிகாட்டியரையே சுற்றுலா நிறுவனங்கள் அமர்த்துதல் வேண்டும் எனப் பிரெஞ்சுச் சட்டம் கூறுகிறது. திறந்த தெருவுக்கு அக்கட்டு இல்லை. அங்கே வழிகாட்டியின் மனச்சான்றே காவல்.

தமிழ் பயில்வோர்க்கு ஆற்றுப்படை இவ்விடத்து நினைவுக்கு வரும். பரிசில் பெற்று மீளும் கலைஞன், வறுமையுற்று எதிர்ப்படும் கலைஞனுக்கு வழியும் வள்ளலும் கூறுதல் அதன் அமைப்பு. நிலங்களை வழிமுறையால் வரிசைப்படுத்திக் கூறுதலில் இரண்டும் ஒக்கும். ஆனால் ஆற்றுப்படையில் வழிகூறுவோன் தான் பட்ட பசியையும் தான் பெற்ற வளத்தையுமே கூறுகிறான். பட்டறிவே அவன் சொல்லுக்கு உறுதி. மோன்மார்த்ரு வழிகாட்டி கூறும் பசி பிறர் பசி. அதுவும் நூறாண்டுக்கு முற்பட்டது. பட்டறிவு நின்ற இடத்தில் சான்று நிற்றல் வேண்டும் என்பதே இவ்வொப்பீட்டின் பயன்.

பிறர் பசியைக் கூறுவதில் மற்றொரு பொறுப்பும் உண்டு. வாடகை குறைவு என்று வந்த கலைஞரால் இடம் புகழ் பெற்றது. புகழால் வாடகை உயர்ந்தது. அவரைப் போன்ற வறிய கலைஞர் இன்று இங்குக் குடியேறுதல் அரிது. தெர்த்ரு சதுக்கத்தில் ஒரு சதுர மீட்டர் அளவான இடத்தை, நகராட்சியின் இசைவு பெற்ற ஓவியர் இருவர் மாறி மாறிப் பயன்படுத்துகின்றனர். அன்றாடக் கடைகள் நினைவுப்பொருட் கடைகளாக மாறுவதை எதிர்த்து 2025இல் குடியிருப்போர் தம் வீடுகளில் பதாகைகள் கட்டினர். வறுமையின் கதையை விற்கும் நடை, அவ்வறுமையே புகமுடியாத இடமாகத் தெருவை ஆக்குவதில் தானும் பங்குகொள்கிறது. இதனைக் கதையின் ஒரு பகுதியாகவே கூறும் வழிகாட்டி, கேட்போரின் இன்பத்தைக் கெடுப்பவர் ஆகார். அவர்களைச் சிந்திப்போராக ஆக்குபவர் ஆவார்.

முடிபு

மேற்கூறியவற்றால், வழிகாட்டு நடை இடத்தைப் பக்கமாகக் கொண்ட வாய்மொழி நூல் என்பதும், உள்ளது, இருந்தது, சொல்லப்படுவது என்னும் பகுப்பே அதனை மதிப்பிடும் அளவுகோல் என்பதும், அதன் விளைவு அங்கு வாழ்வோரையும் சாரும் என்பதும் பெறப்படும். ஒரே தெருவை வழிகாட்டியர் பலர் எவ்வாறு கூறுகின்றனர் என்பதைப் பதிவுசெய்து, நாட்டுப்புறக் கதைகளின் வேறுபாடங்களை ஒப்பிடுவதுபோல ஒப்பிட்டு ஆராய்தல் பயனுடைய பணியாகும். எவை மாறாமல் நிற்கின்றன, எவை கேட்போர்க்கேற்ப மாறுகின்றன, எவை எவராலும் கூறப்படாமல் விடப்படுகின்றன என்னும் வினாக்களுக்கு அவ்வொப்பீடு விடை தரும்.