சித்தூர் வி. நாகையா (1904–1973)

நாடக, திரைப்பட நடிகர். பாடகர், இசையமைப்பாளர், இயக்குநர்

பிறந்தது முன்பு குண்டூர் மாவட்டத்தில் இருந்த ரேப்பல்லெயில். பெயரோடு சேர்ந்ததோ சித்தூர். இவ்வூரின் இராம விலாச சபா நாடகங்களில் பாடி நடித்துப் புகழ்பெற்றதால் வந்த அடைமொழி அது.

1938இல் ‘கிருஹலட்சுமி’ என்ற தெலுங்குப் படத்தின் வழியே திரைக்கு வந்தார். பக்த போதனா (1942), தியாகையா (1946), யோகி வேமனா (1947) ஆகியவை அவருடைய சிகரங்கள். அவற்றுள் ‘தியாகையா’ தனித்து நிற்கிறது. தியாகராஜ சுவாமிகளாக நடித்தவரும், கீர்த்தனைகளைப் பாடியவரும், படத்தை இயக்கியவரும் அவரே. நடிகரே பாட வேண்டியிருந்த காலத்தில், மேடையில் பண்பட்ட அந்தக் குரல் பெரிய செல்வமாக இருந்தது.

தமிழ் ரசிகர்களுக்கும் அவர் அந்நியரல்லர். ‘அசோக்குமார்’ (1941) படத்தில் அசோகச் சக்கரவர்த்தி. மகன் குணாளனாக எம்.கே. தியாகராஜ பாகவதர். ‘மீரா’வில் (1945) எம்.எஸ். சுப்புலட்சுமியுடன் மேவார் ராணாவாக நடித்தார். ‘என் வீடு’ (1953) அவரே இயக்கி நடித்த படம். ‘பாவ மன்னிப்பு’ (1961) படத்தில் சிவாஜி கணேசனை வளர்த்தெடுக்கும் இஸ்லாமியப் பெரியவராக வந்தார். மன்னராயினும் பக்தராயினும், குரலை உயர்த்தாமல் மனத்தைக் கரைப்பதே அவர் நடிப்பின் வலிமை.

நிறையச் சம்பாதித்தார், கேட்டவர்க்கெல்லாம் கொடுத்தார். இறுதி நாட்களில் வறுமையில் வாடினார்.

1965இல் பத்மஸ்ரீ விருது பெற்றார். சித்தூரில் நாகையா கலாக்ஷேத்திரம் அவர் பெயரைத் தாங்கியுள்ளது. சென்னை பனகல் பூங்காவில் அவருக்குச் சிலை உள்ளது.