காவலை விலக்கும் கள்ளத் திறவுகோல்

திருகோணமலையின் உட்டுறைமுகம் மலைகளால் சூழப்பெற்று இயல்பாகவே அரண் உடையது. ஆயினும் அதன் வாயிலைக் காக்க ஒஸ்ரன்பேர்க் முனையிலே கோட்டை ஒன்று வேண்டப்பட்டது. வாயில் காப்போனே காவலை விலக்கி, அறியாத கலமொன்றை உள்ளே அழைப்பானாயின், மலையரணால் யாது பயன்? நம் இல்லங்களிலுள்ள கணினிகள் பலவற்றில் இன்று நிகழ்வது இதுவே.

உரிமம் பெறாத விண்டோஸ், ஒபிஸ் முதலிய மென்பொருள்களை உரிமம் பெற்றனபோல் இயங்கச் செய்யும் கள்ளக் கருவிகள் பல உலவுகின்றன. அவற்றுட் பெயர்பெற்றது கேஎம்எஸ்பிகோ என்பது. பெரிய நிறுவனங்கள் தம் கணினிகளின் உரிமத்தை உறுதிசெய்யத் தமக்கென ஒரு சேவையகத்தை வைத்துக்கொள்ள மைக்ரோசொப்ற் நிறுவனம் வழிசெய்துள்ளது. அவ்வுறுதி 180 நாள்களுக்குச் செல்லும். அதற்குள் புதுப்பித்தல் வேண்டும். மேற்கூறிய கருவியோ அச்சேவையகமாக நடித்துக் கணினியை ஏமாற்றுகின்றது.

இத்தகைய கருவிகளை நிறுவ முனைவோரிடம் பெரும்பாலும் இரண்டு கேட்கப்படும். நச்சுநிரல் தடுப்பை நிறுத்துதல் ஒன்று. கணினியின் முழு அதிகாரத்தையும் கருவிக்கு அளித்தல் மற்றொன்று. இவ்விரண்டும் செய்தபின் உள்ளே நுழைவது யாதென அறிவார் யார்?

2021 டிசெம்பரில், கேஎம்எஸ்பிகோ என்ற பெயரில் வந்த கோப்பொன்றினுள் கிரிப்ற்பொற் என்னும் திருட்டு நிரல் மறைந்திருந்ததை றெட் கனரி என்னும் பாதுகாப்பு நிறுவனம் வெளிப்படுத்தியது. உலாவியிற் சேமித்த கடவுச்சொற்களைக் கவர்வது அதன் தொழில். 2023 ஏப்பிரலில் அதனைப் பரப்பியோர்மீது வழக்குத் தொடுத்த கூகிள், ஓராண்டில் ஏறத்தாழ 670,000 கணினிகள் அதற்கு இரையாயின என மதிப்பிட்டது. இவ்வழியே பரவும் வேறு சில நிரல்கள், கோப்புகளைப் பூட்டிவைத்துப் பணயப் பணம் கேட்பன. தந்தையாரின் வங்கிக் கணக்கும், தமக்கையின் ஆய்வேடும், மறைந்த பாட்டியாரின் நிழற்படமும் ஒரே கணினியில் இருக்கும் வீட்டில் இவ்விழப்பு எத்தகையது என எண்ணுக! வேலியிற் சென்ற ஓணானை மடியிற் கட்டிய கதை இதுவன்றோ?

உரிம விலை நம்மவர்க்குச் சுமை என்பது மெய்யே. எனினும் 2003 ஆம் ஆண்டின் 36 ஆம் இலக்கப் புலமைச் சொத்துச் சட்டம் கணினி நிரல்களையும் காக்கின்றது. நேரிய வழியும் உண்டு. உபுண்டு, லிப்ரே ஒபிஸ் முதலியன விலையின்றியே கிடைக்கின்றன. 2004 இல் ஆழிப்பேரலை நம் கரையைத் தாக்கியபோது நிவாரணப் பணிக்கென இலங்கை வல்லுநர் ஆக்கிய சகானாவும் இத்தகைய கட்டற்ற மென்பொருளே.

கள்ளக் கருவியை முன்னரே நிறுவியோர், வேண்டிய ஆவணங்களைப் படியெடுத்து, இயங்குதளத்தை முற்றாக அழித்து மீள நிறுவுக. கடவுச்சொற்களை வேறொரு தூய கணினியிலிருந்து மாற்றுக. காவலை நாமே விலக்காதிருத்தலே முதற் காவலாகும்.