தபசு மரம் ஏறும் அர்ஜுனன்

வனவாசம் புகுந்த பாண்டவர்கள், வரப்போகும் போருக்கு வலிமை தேட வேண்டியவராயினர். வியாச முனிவரின் அறிவுரைப்படி அர்ஜுனன் இமயஞ்சென்று, சிவபெருமானைக் குறித்துக் கடுந்தவம் இயற்றிப் பாசுபதாஸ்திரம் பெற்றான். தமிழகத்தின் வடபகுதிக் கிராமங்களில், திரௌபதி அம்மன் ஆலயத் திருவிழாக் காலத்தில் மக்கள் இக்கதையைப் பாரதப் பிரசங்கத்தில் கேட்பதோடு நின்றுவிடுவதில்லை; தெருக்கூத்தில் கண்ணாரவும் காண்கின்றனர்.

'அர்ஜுனன் தபசு' எனப்படும் அந்தக் கூத்து ஏனைய கூத்துகளினின்று வேறுபட்டது. திறந்தவெளியில் உயர்ந்த மரமொன்று நடப்படும். அதன் உச்சியில் சிறு பரண். ஏறுவதற்குக் குறுக்குப் படிகள். தவக்கோலம் பூண்ட கலைஞர் மரத்தை வணங்கி, படிக்கொரு பாட்டாகப் பாடிக்கொண்டே ஏறுவார். மிருதங்கமும் முகவீணையும் தரையிலேயே நின்றுவிடும். குரல் மட்டும் மேலே செல்லும். கையும் காலும் உடலைத் தாங்க, அதே மூச்சில் பாட்டும் வர வேண்டும். அடி தவறினால் ஆபத்து. மூச்சு தவறினால் பாட்டு அறுந்துவிடும்.

கூத்தில் வில்லும் பாவனை, முடியும் பாவனை. ஆனால் அந்த உயரம் பாவனையன்று. ஆகவேதான் மரத்தடியில் கூடியோர் அவரை வெறும் வேடதாரியாகக் கருதுவதில்லை. உச்சியை அடைந்து பூசை முடித்து, அவர் எறியும் எலுமிச்சையையும் மலரையும் திருநீற்றையும் பிரசாதமாகவே ஏற்கின்றனர். மகப்பேறு வேண்டும் பெண்கள் முந்தானை ஏந்திக் காத்திருப்பர். அவர்தம் நம்பிக்கையின் பாரத்தையும் சேர்த்தே அக்கலைஞர் சுமந்து ஏறுகிறார்.

மெய்த்தவத்துக்கும் பொய்த்தவத்துக்கும் உள்ள இந்த வேற்றுமையை ஏழாம் நூற்றாண்டிலேயே பல்லவச் சிற்பிகள் மாமல்லபுரத்துப் பாறையில் செதுக்கி வைத்தனர். கைகளைத் தலைக்குமேல் உயர்த்தி ஒற்றைக்காலில் நிற்கும் தவசியின் விலா எலும்புகள் புடைத்துத் தெரிகின்றன. அவர் அர்ஜுனனா, பகீரதனா என்பதில் அறிஞரிடையே கருத்து வேறுபாடு உண்டு. அதே பாறையின் கீழ்ப்பகுதியில் பூனையொன்றும் கைகளைத் தூக்கி நிற்கிறது, அருகே எலிகள்! கோலம் ஒன்றுதான், ஆயினும் பூனையினது பொய்த்தவம்.

கடல் கடந்து வந்த தமிழர் இம்மரபையும் உடன் கொணர்ந்தனர். சிங்கப்பூர், சவுத் பிரிட்ஜ் சாலையில் 1827இல் எழுந்த ஸ்ரீ மாரியம்மன் ஆலயத்தில் திரௌபதை அம்மனுக்கும் சன்னிதி உண்டு. அங்கு ஐப்பசித் தீமிதிக்கு முன்னர் நடைபெறும் பாரத நிகழ்வுகளுள் அர்ஜுனன் தபசும் அரவான் களப்பலியும் அடங்கும். பூக்குழியில் இறங்கும் பக்தர்கள் பலர், சிராங்கூன் சாலைப் பெருமாள் கோவிலிலிருந்து ஏறத்தாழ 4 கிலோமீட்டர் நடந்தே வந்து சேர்கின்றனர்.

பெரும்பாலோர் கண்கள் தீக்குழியையே நாடுகின்றன. ஆயினும் குழியில் கால் வைக்குமுன் பாரதம் பார்வையாளர்முன் நிறுத்துவது, உண்டியும் உறக்கமும் ஒடுக்கி உடலைப் பக்குவப்படுத்திய ஒரு தவசியையே. வேண்டுவோர் அடையும் வரம் இறுதியில் வருவது. தவசியின் உடல் அதற்கு முன்னரே தன் பங்கைச் செலுத்திவிடுகிறது.