நியாயம் இருந்தும் மனு தள்ளுபடியாவது ஏன்?

"என் பக்கம் நியாயம் இருக்கிறது, பிறகென்ன பயம்?" என்று நமது வர்த்தகர்கள் பலர் சொல்ல நான் கேட்டிருக்கிறேன். நீதிமன்றமோ நியாயத்தைப் பார்க்கும் முன் தவணையையும் ஆவணங்களையும் பார்க்கிறது. அவற்றில் குறையிருந்தால் வழக்கின் உள்விடயத்துக்குப் போகாமலே மனு தள்ளுபடியாகலாம்.

கடை வாடகை வழக்கொன்றில் மாவட்ட நீதிமன்றம் உங்களுக்கு எதிராகத் தீர்ப்பளிக்கிறது என வைத்துக்கொள்வோம். குடியியல் நடவடிக்கைமுறைக் கோவையின் 754ஆம் பிரிவின்படி, 14 நாட்களுக்குள் மேன்முறையீட்டு அறிவித்தலை அதே நீதிமன்றத்தில் கொடுக்க வேண்டும். தீர்ப்பு நாள், அறிவித்தல் கொடுக்கும் நாள், ஞாயிறு, பொது விடுமுறை ஆகியன இக்கணக்கில் சேரா. அடுத்து 755ஆம் பிரிவின்படி, தீர்ப்புத் தினத்திலிருந்து 60 நாட்களுக்குள் மேன்முறையீட்டு மனுவைச் சமர்ப்பிக்க வேண்டும். இங்கே ஞாயிறும் விடுமுறையும் கழிக்கப்படுவதில்லை. முதலாவதில் கழித்ததைப் போல இரண்டாவதிலும் கழித்துக் கணக்குப் பார்ப்பவர் கடையையே இழக்க நேரிடும்.

அடிப்படை உரிமை மீறலுக்கு உயர் நீதிமன்றம் செல்ல அரசியலமைப்பின் 126ஆம் உறுப்புரை தருவது ஒரு மாதம் மட்டுமே.

ஆவணங்களின் விடயமும் அப்படித்தான். அரச அதிகாரி ஒருவரின் தீர்மானத்துக்கு எதிராக மேன்முறையீட்டு நீதிமன்றத்தில் எழுத்தாணை கோருபவர், 1990ஆம் ஆண்டின் விதிகளின்படி, மனுவுடன் சத்தியக் கடதாசியையும் ஆவணங்களின் மூலங்களை அல்லது சான்றுபடுத்திய பிரதிகளையும் இணைக்க வேண்டும். ஏதாவது கைவசம் இல்லையெனில், காரணத்தை மனுவிலேயே கூறி, பின்னர் சமர்ப்பிக்க அனுமதி கேட்கலாம். பேசாமல் விட்டால், எதிர்த்தரப்பு கேளாமலே நீதிமன்றம் மனுவைத் தள்ளுபடி செய்யலாம்.

சிறு பிழைக்கும் மன்னிப்பே இல்லையா என்று கேட்கலாம். இருக்கிறது. கிரிவந்தே எதிர் நவரத்ன வழக்கில் 1990இல் நீதியரசர் மார்க் பெர்னாண்டோ, விதிகள் பின்பற்றப்பட வேண்டும், ஆயினும் விதி மீறப்பட்டதும் மனு தானாகவே தள்ளுபடியாவதில்லை, தவறுக்கான காரணத்தை நீதிமன்றம் பார்க்க வேண்டும் என்று தீர்த்தார். மேன்முறையீட்டில் நேர்ந்த குறை எதிர்த்தரப்பைப் பெரிதாகப் பாதிக்கவில்லையெனில் 759ஆம் பிரிவின் கீழ் நிவாரணம் உண்டு. ஆனால் 60 நாளைத் தவறவிட்டவருக்கு இந்த வாசல் இலகுவில் திறக்காது.

வழக்குத் தினத்தில் சமுகமளிக்காததால் வழக்கு தள்ளுபடியானாலும், நியாயமான காலத்துக்குள் தக்க காரணம் காட்டி மீண்டும் விசாரிக்கக் கோரலாம். எங்கும் பார்க்கப்படுவது இரண்டு: காரணம் உண்மையானதா? அதை உடனே சொன்னீர்களா?

இந்த இறுக்கத்திலும் நியாயம் உண்டு. வென்றவர் தனது வெற்றி முடிந்த முடிவுதானா என்று ஆண்டுக்கணக்கில் காத்திருக்க முடியாதல்லவா?

ஆகவே, தீர்ப்பு வந்த அன்றே சான்றுபடுத்திய பிரதிக்கு விண்ணப்பியுங்கள். கடைசித் தினங்களைச் சட்டத்தரணியிடம் கேட்டு, காசோலைத் திகதிகளைக் குறிக்கும் அதே டயறியில் குறியுங்கள். "லோயர் பார்த்துக்கொள்வார்" என்றிருந்துவிட்டு, பின்னர் அவரது கவனயீனத்தைக் காரணம் காட்டினால் அது எப்போதும் எடுபடுவதில்லை.